ரான் கிளார்க் ஓடிய இடங்களுக்குப் போனவர்கள் எழுதுங்கள்

யாராக்கரை:
மெல்பர்னில் டிசம்பர் மாதம் ஒரு 10,000 மீட்டர் ஓட்டப் போட்டி நடக்கும். அதற்கு செக் நாட்டு வீரர் எமில் ஸாடோபெக்கின் பெயர். அவருடைய பெயரில் ஆஸ்திரேலியாவில் எதற்குப் போட்டி என்று எனக்கு ரொம்ப நாளாகவே கேள்வி. ஒரு வருடம் லேக்சைடு ஸ்டேடியத்தில் தடுப்புக் கம்பியை ஒட்டி நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். பக்கத்தில் நின்ற பெரியவர் கையில் ஸ்டாப்வாட்ச் வைத்துக்கொண்டு ஒவ்வொரு சுற்றுக்கும் நேரத்தைக் குறித்துக்கொண்டிருந்தார். அவரிடமே கேட்டுவிட்டேன்.

அவர் முதலில் சொன்ன பெயர் லெஸ் பெர்ரி. 1952 ஹெல்சின்கி ஒலிம்பிக்கில் ஓடிய மெல்பர்ன்காரர். ஸாடோபெக் மேல் அவருக்கு அப்படி ஒரு பக்தி. இந்தப் போட்டி 1961-ல் தொடங்கியதற்கு அந்தப் பக்திதான் காரணம். அடுத்து அவர் சொன்ன பெயர் ரான் கிளார்க், ஆஸ்திரேலியாவின் நீண்ட தூர ஓட்டக்காரர். 1963 டிசம்பரில், இதே ஊரில், இதே பெயர் கொண்ட போட்டியில் 28 நிமிடம் 15.6 விநாடியில் ஓடி உலக சாதனை படைத்தவர். தொழில் கணக்காளர். பள்ளி முடித்த வயதில் இளையோர் மைல் ஓட்டத்தில் உலக சாதனை வைத்திருந்தவர், அப்புறம் வேலை, கல்யாணம், குழந்தை என்று ஓட்டத்தைச் சில வருடம் விட்டேவிட்டார். திரும்பி வந்து செய்ததுதான் இதெல்லாம்.

பெரியவர் அடுத்துச் சொன்னதைக் கேட்டபின் நான் போட்டியைப் பார்க்கவே மறந்துவிட்டேன். 1966-ல் கிளார்க் பிராகுக்குப் போயிருக்கிறார். திரும்பும்போது ஸாடோபெக்கே விமான நிலையம் வரை வந்து வழியனுப்பி, கையில் ஒரு சின்னப் பொட்டலத்தைக் கொடுத்திருக்கிறார். அது கம்யூனிஸ்ட் ஆட்சி நடந்த காலம். வெளியே யாரிடமோ சேர்க்கச் சொல்லி ரகசியமாக ஏதோ தருகிறார் என்று கிளார்க் நினைத்துக்கொண்டார். விமானம் கிளம்பிய பிறகு பிரித்துப் பார்த்தால், உள்ளே 1952 ஹெல்சின்கியில் 10,000 மீட்டருக்காக ஸாடோபெக் வாங்கிய தங்கப் பதக்கம்.

கிளார்க் உடைத்தவை 17 உலக சாதனைகள். ஆனால் ஒலிம்பிக் தங்கமோ காமன்வெல்த் தங்கமோ அவர் வென்றதில்லை. அவரிடம் இருந்த ஒரே ஒலிம்பிக் தங்கம் இன்னொரு ஓட்டக்காரர் மனதாரக் கொடுத்தது. இதைச் சொன்னபோது அந்தப் பெரியவருக்குக் குரல் கம்மிவிட்டது.

கிளார்க் ஓடிய இடங்கள் உலகம் முழுக்க இருக்கின்றன. போனவர்கள் இங்கே எழுதுங்கள்.

மிதிவண்டி அம்மா:
நானும் மெல்பர்ன்தான். ஒலிம்பிக் பார்க் பக்கம் ஒரு வெண்கலச் சிலை இருக்கிறதே, ஒருவர் கீழே விழுந்து கிடக்க இன்னொருவர் திரும்பி வந்து கை கொடுப்பதுபோல, அதைத் தாண்டித்தான் என் மகளைப் பயிற்சிக்குக் கூட்டிப்போவேன். 1956 மார்ச்சில் நடந்த ஆஸ்திரேலிய மைல் சாம்பியன் போட்டி அது. கை கொடுப்பவர் ஜான் லாண்டி, அப்போது மைல் ஓட்டத்தின் உலக சாதனையாளர். முன்னால் ஓடிய கிளார்க் கால் தட்டி விழ, லாண்டி அவரைத் தாண்டிக் குதித்தார். ஷூ ஆணி கிளார்க்கின் கையில் கீறிவிட்டது. லாண்டி நின்றார், திரும்பி வந்து பார்த்தார், பிறகு மற்றவர்களைத் துரத்திப் பிடித்து 4 நிமிடம் 4.2 விநாடியில் ஜெயித்தார்.

இதை எல்லோரும் லாண்டியின் கதையாகவே சொல்கிறார்கள். நானும் அப்படித்தான் மகளுக்குச் சொன்னேன். அவள் கேட்டது வேறு: "அப்ப கீழே விழுந்தவர் என்னம்மா ஆனார்?" அவரும் எழுந்து ஓடினார் கண்ணா என்றேன். அந்த வருடம் நவம்பரில் மெல்பர்ன் ஒலிம்பிக் தொடக்க விழாவில், லட்சம் பேருக்கு முன்னால், எம்.சி.ஜி. மைதானத்தில் ஜோதி ஏற்றியது அந்தப் பையன்தான் என்றும் சொன்னேன். வயது 19. பந்தத்திலிருந்து தீப்பொறி கொட்டி அவர் கையைச் சுட்டது. ஆனாலும் ஒரு நடுக்கமும் இல்லாமல் சுற்றி ஓடிவந்து படியேறி ஏற்றினார். அந்த ஒலிம்பிக்கில் ஓட அவருக்கு இடம் கிடைக்கவில்லை என்பதையும் சேர்த்துச் சொன்னேன். இப்போதெல்லாம் என் மகள் அந்தச் சிலைக்கு "கிளார்க் சிலை" என்றே பெயர் வைத்திருக்கிறாள்.

வடதிசை:
ஆஸ்லோவில் வேலை பார்க்கிறேன். பிஸ்லெட் ஸ்டேடியம் என் வீட்டிலிருந்து நடந்து போகிற தூரம். பழைய மைதானத்தை இடித்துவிட்டுப் புதிதாகக் கட்டியிருக்கிறார்கள், 1965-ல் கிளார்க் ஓடிய கரித்தூள் தடம் இப்போது இல்லை. ஆனாலும் அந்த இடம் அதுதான்.

1965 ஜூலை 10-ல் லண்டன் வைட் சிட்டியில் 3 மைலை 12 நிமிடம் 52.4 விநாடியில் ஓடினார். 13 நிமிடத்துக்குள் அந்தத் தூரத்தை முடித்த முதல் மனிதர். நாலே நாள் கழித்து இங்கே வந்து 10,000 மீட்டரை 27 நிமிடம் 39.4 விநாடியில் முடித்தார். அதுவரை 28 நிமிடத்துக்குள் யாரும் ஓடியதில்லை. தன்னுடைய மெல்பர்ன் சாதனையிலிருந்து ஒரேயடியாக 36 விநாடிக்கு மேல் குறைத்தார். வேகம் பிடித்துக் கொடுக்க ஆள் இல்லை, கூடவே வந்து நெருக்கவும் ஆள் இல்லை, பெரும்பகுதி தனியாக ஓடினார். சுற்றுக்குச் சராசரி 66.4 விநாடி வருகிறது. நான் கிளப்பில் ஓடுகிறவன், அந்த வேகத்தில் ஒரு சுற்று ஓடிப் பார்த்தேன். முடிந்தது. முடித்ததும் முழங்காலில் கை ஊன்றி நின்றேன். அவர் அதுபோல 25 சுற்று ஓடியிருக்கிறார், அதுவும் கரித்தூள் தடத்தில்.

அந்தக் கோடையில் ஐரோப்பாவில் வாரத்துக்கு இரண்டு மூன்று முறை ஓடினார். இப்போதைய வீரர்கள் ஒரு சாதனை முயற்சிக்காக மாதக்கணக்கில் ஒதுங்கித் தயாராகிறார்கள். அது அவர்கள் தொழிலுக்குச் சரி. கிளார்க் கூப்பிட்ட ஊருக்கெல்லாம் போய், போன இடத்திலெல்லாம் முன்னால் நின்று இழுத்து ஓடினார்.

கடைசிச் சுற்றில் வேகம் கூட்டத் தெரியாதவர் என்று அவரைச் சொல்கிறவர்கள் உண்டு. டோக்கியோ 1964-ஐ எடுத்துக் காட்டுவார்கள். மற்றவர்களைக் களைக்க வைக்கத்தான் அவர் விட்டு விட்டு வேகத்தைக் கூட்டினார். கடைசிச் சுற்றில் மிஞ்சியது மூன்றே பேர். அப்போது ஒரு சுற்று பின்தங்கியவர்கள் வழியில் குறுக்கே வந்தார்கள். கிளார்க் அடைபட்டுப்போனார், துனிசியாவின் கம்மூதி நடுவில் புகுந்து பாய்ந்தார், வெளிப்பக்கத்திலிருந்து வந்த அமெரிக்கர் பில்லி மில்ஸ் இருவரையும் முந்தித் தங்கம் வாங்கினார். கிளார்க்குக்கு வெண்கலம், இடைவெளி 1.4 விநாடி. மில்ஸ் அதற்கு முன் வாழ்நாளிலேயே அப்படி ஓடியதில்லை, அந்த ஓட்டத்தைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆனால் முதலிலிருந்து கடைசி வரை அந்தப் பந்தயத்தைப் பந்தயமாக வைத்திருந்தவர் கிளார்க். அதே ஒலிம்பிக்கில் 5,000 மீட்டரிலும் மாரத்தானிலும் ஓடி இரண்டிலும் ஒன்பதாவது வந்தார்.

நாடி:
மருத்துவராக இருக்கிறேன். ஒரு மாநாட்டுக்காக மெக்சிகோ சிட்டி போனபோது பல்கலைக்கழக வளாகத்தில் இருக்கும் ஒலிம்பிக் ஸ்டேடியத்தைத் தேடிப் போய்ப் பார்த்தேன். கடல் மட்டத்திலிருந்து 2,240 மீட்டர் உயரம் என்று படிப்பது வேறு, அங்கே படி ஏறுவது வேறு. மூச்சுக்குக் கிடைக்கும் ஆக்சிஜன் கடலோர ஊர்களில் கிடைப்பதில் நாலில் மூன்று பங்குதான். குறுகிய ஓட்டத்துக்கு அது பெரிய விஷயமில்லை, காற்றின் தடை குறைவதால் லாபம்கூட. நீண்ட ஓட்டத்துக்கு அது சுவர். மலைநாட்டில் பிறந்து வளர்ந்தவர்களின் உடம்பு அதற்குப் பழகியிருக்கும், மெல்பர்னில் வளர்ந்தவருக்கு அது சில வாரங்களில் வந்துவிடாது.

1968 அக்டோபர் 13. 10,000 மீட்டர். கென்யாவின் நஃப்தாலி டெமு முதலாவது, எத்தியோப்பியாவின் மாமோ வோல்டே இரண்டாவது. கிளார்க் கடைசிச் சில சுற்றுகள் வரைக்கும் முன்னணிக் கூட்டத்தில் இருந்தார். அதற்கு மேல் கால் வரவில்லை. ஆறாவதாக வந்து, கோட்டைத் தாண்டியதும் நினைவிழந்து விழுந்தார். ஆஸ்திரேலிய அணியின் மருத்துவர் பிரையன் காரிகன் ஓடிப்போய் ஆக்சிஜன் முகமூடியை வைத்தார். அவர் அழுதுகொண்டே வைத்திருக்கும் புகைப்படம் உலகம் முழுக்கப் போனது.

எனக்கு அந்தப் படத்தில் கிளார்க்கைவிட காரிகன்தான் கண்ணுக்குப் படுகிறார். நோயாளி முன்னால் அழக்கூடாது என்று எங்களுக்குச் சொல்லித் தருவார்கள். தன் கை முகமூடியைச் சரியாகப் பிடித்திருக்க, கண் மட்டும் அழுத ஒரு மருத்துவர் அவர். அந்தப் பார்வையாளர் வரிசையில் உட்கார்ந்திருந்தபோது எனக்குக் கோபமும் வந்தது. அந்த உயரத்தில் நீண்ட தூரப் போட்டிகளை வைத்தால் என்ன ஆகும் என்று முன்கூட்டியே பலர் எச்சரித்திருந்தார்கள். அதற்கு உடம்பால் விலை கொடுத்தவர்கள் ஓடியவர்கள்.

சில நாளில் கிளார்க் எழுந்து 5,000 மீட்டர் இறுதிப் போட்டியில் ஓடி ஐந்தாவது வந்தார். பின்னாளில் இதய வால்வுக்காக அறுவைச் சிகிச்சை செய்துகொண்டார். மெக்சிகோதான் காரணம் என்பது அவருடைய நம்பிக்கை.

பனங்காடு:
யாழ்ப்பாணத்தில் பிறந்து இப்போது ஆஸ்திரேலியாவின் கோல்ட் கோஸ்ட் நகரத்தில் இருக்கிறேன். எங்களுக்கு அவர் ஓட்டக்காரராக அல்ல, மேயராகத்தான் முதலில் தெரியும். 2004 முதல் 2012 வரை இந்த நகரத்தின் மேயர். பக்கத்து வீட்டு ஐயா ஒருவர்தான், உங்கள் மேயர் யாரென்று தெரியுமா என்று கேட்டு முழுக் கதையும் சொன்னார்.

2018 காமன்வெல்த் போட்டிகளை நடத்தும் உரிமை எங்கள் நகரத்துக்குக் கிடைத்தது 2011 நவம்பரில், கிளார்க் மேயராக இருக்கும்போது. எதிர்த்து நின்று தோற்றது இலங்கையின் அம்பாந்தோட்டை. அன்றிரவு எங்கள் வீட்டில் இரண்டு ஊருக்காகவும் வாதம் நடந்தது, அது வேறு கதை. காமன்வெல்த்தில் கிளார்க்குக்குக் கிடைத்தது நாலு வெள்ளி: பெர்த்தில் ஒன்று, கிங்ஸ்டனில் இரண்டு, எடின்பரோவில் ஒன்று. 2018-ல் அந்தப் போட்டிகள் இங்கே கராரா ஸ்டேடியத்தில் நடக்கும்போது அவர் இல்லை. 2015 ஜூனில், 78 வயதில், இங்கேயே காலமானார். 10,000 மீட்டர் ஓட்டம் பார்க்க நாங்கள் குடும்பமாகப் போனோம். பக்கத்து வீட்டு ஐயாவும் வந்திருந்தார். ஓட்டக்காரர்கள் கிளம்பியதும் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார், 25 சுற்றும் முடியும்வரை திரும்பப் போடவில்லை.

ஃபெர்னி க்ரீக்:
பெயரைப் பார்த்தாலே தெரியும், நான் மெல்பர்ன் பக்கத்து டாண்டினாங் மலையில் ஓடுகிறவள். கடைசிச் சுற்றில் கிளார்க்குக்கு வேகம் கூட்டத் தெரியாது என்று சிலர் சொல்வதாக வடதிசை அண்ணா எழுதியதற்குப் பதில் இந்த மலையில் இருக்கிறது. கிளார்க்கும் அவருடைய கூட்டாளிகளும் ஞாயிற்றுக்கிழமை நீண்ட ஓட்டம் ஓடியது இங்கேதான். 17 மைல், ஏற்றமும் இறக்கமுமாக, உயர்ந்த யூகலிப்டஸ் மரங்களுக்கு நடுவில். நிறுத்தி நிறுத்தி ஓய்வெடுத்து ஓடும் பயிற்சியை அவர் பெரிதாக நம்பவில்லை, தொடர்ந்து கடுமையாக ஓடுவதுதான் அவர் வழி. அப்படிப் பழகிய கால் கடைசி 200 மீட்டரில் பாய்வதைவிட 20 சுற்று இழுப்பதற்குத்தான் வாகாக இருக்கும் என்பது என் எண்ணம்.

வர விரும்புகிறவர்கள் குளிர்காலத்தில் வராதீர்கள், செம்மண் வழுக்கும். மார்ச், ஏப்ரல் நல்லது. முதல் ஏற்றத்தில் வேகம் காட்டினால் பாதியில் நடக்க வேண்டிவரும், மெதுவாகத் தொடங்குங்கள். வழி தெரியாது என்றால் இங்கே கேளுங்கள், நானே கூட வருகிறேன்.