வட வேல்ஸ் கோட்டைகள்: மூன்று நாள் வேன் டூர், முழங்கால் வலியோடு முடியுமா?

கேள்வி: இங்கிலாந்தின் செஸ்டர் நகரத்திலிருந்து 16 பேர் வேனில் போகும் கைடு டூர். கான்வி, கர்னார்வன், பியூமாரிஸ், ஹார்லெக் நாலு கோட்டையும் லிஸ்டில் இருக்கு. அம்மாவுக்கு 68 வயசு, படி ஏறினால் முழங்கால் வலிக்கும். புக் பண்ணலாமா?

பதில் 1: தாராளமா. ஆனா நாலும் ஒரே மாதிரி இல்லீங்க. பியூமாரிஸ் சமதளம். 1295-ல் ஆரம்பிச்சு, காசு தீர்ந்து பாதியில் நின்ற கோட்டை. அகழியையும் உள்முற்றத்தையும் கீழேயே நடந்து பார்க்கலாம். கர்னார்வனில் கிங்ஸ் கேட் வாயிலில் லிஃப்ட் வந்தாச்சு. சிக்கல் கான்விதான்: எட்டு கோபுரத்திலும் குறுகிய சுழல்படி. உள்பக்கம் படி அகலம் கிடையாது, ஏறுபவரும் இறங்குபவரும் எதிரெதிரே வந்தால் ஒருத்தர் ஒதுங்கணும். மழை பெய்தால் கல் வழுக்கும். அம்மா கீழே முற்றத்தோடு நிற்கட்டும்.

பதில் 2: பணம் கட்டுமுன் ஒண்ணு கேளுங்க: நாலிலும் உள்ளே போறாங்களா, இல்லை சிலதில் போட்டோவுக்கு நிறுத்துறதோட சரியா? நுழைவுக் கட்டணம் பெரும்பாலும் தனி. நாலும் காடூ என்ற அரசுத் துறை வசம் இருப்பதால், டிக்கெட் தனியா வாங்குவதானால் அவங்க பாஸ் விலையை ஒப்பிட்டுப் பாருங்க.

பதில் 3: லான்பெரிஸ் கணவாய்னு ஒரு மலைப்பாதை இருக்கு, வளைஞ்சு வளைஞ்சு போகும், குமட்டல் வரும் ஆள் முன் சீட்டைக் கேட்டு வாங்கணும். பெரிய பெட்டிக்கு வேனில் இடம் இருக்காது. மதில்மேல் காற்றில் குடை நிற்காது, ரெயின்கோட்தான். டிசம்பரில் நாலு மணிக்கெல்லாம் இருட்டிடும், மே அல்லது செப்டம்பர் பாருங்க.