மறுமொழி: ‘ஜாஸ் ஸ்டாண்டர்டு’க்குத் தமிழ்ச் சொல்

அன்புள்ள குழுவினருக்கு,

ஜாஸ் இசைஞர்கள் எல்லோரும் அறிந்து வாசிக்கும் பாட்டை ஆங்கிலத்தில் ‘ஜாஸ் ஸ்டாண்டர்டு’ என்பார்கள். அதற்குத் தமிழ்ச் சொல் கேட்டு இழையைத் தொடங்கிய நண்பர் ‘தரப்பாடல்’ என்றார். அடுத்த மடலில் ‘செந்தரப் பாடல்’ வந்தது. இரண்டும் எனக்கு உறுத்துகின்றன. செந்தரத்தைப் பொறியியலில் அளவைக்கும் விதிக்கும் ஆள்கிறோம். இங்கே அளந்து முத்திரை குத்துவோர் யாருமில்லை. முன்பின் அறியாத நால்வர் மேடையேறி, பாட்டின் பெயரையும் சுருதியையும் மட்டும் சொல்லிக்கொண்டு வாசிக்கத் தொடங்குகிறார்களே, அதற்கு இடம் கொடுக்கும் பாட்டுதான் ஸ்டாண்டர்டு. ‘நிலைப்பாட்டு’ அழகான சொல். ஆனால் ‘நிலைப்பாட்டில்’ என்று உருபேற்றியதும் அரசியல் அறிக்கை வாடை வந்துவிடுகிறது.

‘ஆல் தி திங்ஸ் யூ ஆர்’ பாட்டை எடுத்துக்கொள்வோம். ஜெரோம் கெர்ன் இசை, ஆஸ்கர் ஹாமர்ஸ்டைன் வரிகள். ‘வெரி வார்ம் ஃபார் மே’ என்ற இசைநாடகத்துக்காக எழுதியது. 1939 நவம்பரில் நியூயார்க்கில் அரங்கேறிய அந்த நாடகம் 59 முறை மேடையேறியதோடு நின்றுபோனது. நியூயார்க்கின் நாடக அரங்குகளான பிராட்வேயில் கெர்னின் கடைசி நாடகமும் அதுவே. நாடகம் போயிற்று, பாட்டு தங்கிவிட்டது.

தங்கியதற்கு அதன் கட்டமைப்பே காரணம் என்பேன். வழக்கமான 32 தாள அளவுகளுக்குப் (bar) பதில் இதில் 36. முதல் எட்டு அளவுகளில் வந்த மெட்டு அடுத்த எட்டில் வேறு சுருதிக்கு நகர்ந்து திரும்ப வருகிறது. கார்டுகளின் (chord, சேர்ந்து ஒலிக்கும் சுரக்கூட்டம்) அடிச்சுரம் நாலு நாலு சுரமாகத் தாவிக்கொண்டே போகிறது. நடுப்பகுதியின் முடிவில் ஜி ஷார்ப்பாக நீண்டு ஒலிக்கும் சுரம், அடியில் கார்டு மாறியதும் ஏ ஃபிளாட் ஆகி நம்மைத் தொடக்கத்துக்கே கொண்டுவந்து விடுகிறது. அதே சுரம்தான், ஆனால் நிற்கும் வீடு வேறு! எத்தனை முறை கேட்டாலும் அந்த இடத்தில் எனக்குச் சிலிர்க்கும். கற்பனையாக வாசிப்பவருக்கு இதைவிட நல்ல களம் வேண்டுமா?

1945இல் ஜாஸ் இசைஞர்களான டிரம்பெட் கலைஞர் டிஸ்ஸி கில்லெஸ்பியும் சாக்ஸபோன் கலைஞர் சார்லி பார்க்கரும் இதைப் பதிவுசெய்தார்கள். அதன் முன்னிசை பாட்டோடு ஒட்டிக்கொண்டு, இன்றும் பலர் அதோடுதான் தொடங்குகிறார்கள். 1947இல் பார்க்கர் இன்னும் ஒரு படி போனார்: ‘பேர்ட் ஆஃப் பாரடைஸ்’ பதிவில் கெர்னின் மெட்டே இல்லை, கார்டு வரிசையும் 36 அளவுகளும் மட்டும் இருக்கின்றன.

அங்கேதான் ‘பாட்டு’ என்ற சொல் தோற்கிறது. வரிகள் போய், மெட்டும் போன பிறகு மிஞ்சுவது உரு. கச்சேரி செய்பவர்கள் இயல்பாகச் சொல்லும் ‘உருப்படி’ நம்மிடம் இருக்கிறது. வாய்ப்பாட்டு, கருவியிசை இரண்டுக்கும் பொருந்தும். எனவே என் பரிந்துரை ‘பொதுவுருப்படி’. பழைய கார்டு வரிசைமேல் புதிதாக அமைக்கும் மெட்டுக்கு, பார்க்கர் செய்ததற்கு, ‘மறுமெட்டு’ எனலாம். பிராட்வே மூலத்தை ‘நாடகப்பாட்டு’ என்றே சொல்வோம், அதற்குப் புதுச்சொல் தேவையில்லை.

ஒரே தயக்கம்: ‘பொது’ என்றதும் உரிமை யாருக்கும் இல்லை என்று எண்ணிவிடக்கூடும். அமெரிக்காவில் இந்தப் பாட்டின் காப்புரிமை 2034 முடியும்வரை உண்டு. இங்கே ‘பொது’ இசைஞர்களின் நினைவில் பொது என்று சொல்விளக்கத்தில் ஒரு வரி சேர்த்துவிடலாம். இதைவிடப் பொருத்தமான முன்னொட்டு தோன்றினால் எழுதுங்கள்; ‘உருப்படி’யை மட்டும் விட்டுவிடவேண்டாம்.