மஞ்சள் கரிசலாங்கண்ணி என்று நாற்றுப்பண்ணையில் கொடுப்பது உண்மையில் எந்தச் செடி?

கேள்வி: பின்கட்டுத் தோட்டம், தேவகோட்டை

அனைவருக்கும் வணக்கம். எங்கள் வீட்டுப் பின்கட்டை ஒட்டி, கிணற்றடித் தண்ணீர் தேங்கும் ஒரு துண்டு நிலத்தில் மூலிகைகள் வைத்திருக்கிறோம். நாற்றுப்பண்ணை ஒன்றில் மஞ்சள் கரிசலாங்கண்ணி என்று கொடுத்த கொடி, ஐப்பசி மழைக்குப் பிறகு அந்தத் துண்டு முழுவதையும் மூடிவிட்டது. இலை தடித்துப் பளபளக்கிறது. இரு பக்கமும் ஒவ்வொரு மடல் பிதுங்கி, மூன்றாகப் பிளந்ததுபோல் தெரிகிறது. பூ ஐந்து ரூபாய் நாணயத்தைவிடப் பெரியது, நல்ல பொன் மஞ்சள்.

என் மாமியார் இதைக் கரிசலாங்கண்ணி என்று ஏற்க மறுக்கிறார்கள். அவர்கள் அறிந்த கையாந்தகரை கண்மாய் ஓரத்தில் வெள்ளைப் பூவோடு வளர்வது என்றும், கசக்கினால் விரல் கறுத்துப்போகும் என்றும் சொல்கிறார்கள். இந்தக் கொடியைக் கசக்கினால் பச்சைச் சாறுதான் வருகிறது. வீட்டு வேலைக்கு வரும் அம்மாவோ, நீண்ட காம்பின் நுனியில் வெளிறிய பூவுடன் சாலையோரம் முளைத்திருக்கும் வேறொரு செடியைப் பறித்து வந்து, இதுவே கரிசலாங்கண்ணி என்கிறார். மூன்றில் எது சரி? பேரக் குழந்தைக்குக் கண்மை கூட்டவும், எண்ணெய் காய்ச்சவும், கீரையாகச் சமைக்கவும் எண்ணியிருப்பதால், விவரம் அறிந்தவர்கள் தெளிவுபடுத்த வேண்டுகிறேன். உறவினர் ஒருவருக்குக் காமாலை கண்டிருக்கிறது. அவருக்கும் இதைக் கொடுக்கலாமா?

பதில்: கண்மாய்க்கரை, கானாடுகாத்தான் (ஓய்வுபெற்ற தாவரவியல் ஆசிரியர்)

ஆச்சி, தங்கள் மாமியார் சொல்வது சரி. ஆனால் மஞ்சள் கரிசலாங்கண்ணி என்று ஒரு செடி இல்லாமலும் இல்லை. தங்களுக்குக் கிடைத்தது அது அன்று என்பதே சிக்கல்.

மாமியார் கூறும் வெள்ளைப்பூச் செடி எக்லிப்டா என்ற பேரினத்தைச் சேர்ந்தது. அதன் பெயர் எக்லிப்டா புரோஸ்ட்ராட்டா. பழைய நூல்களில் எக்லிப்டா ஆல்பா என்றிருக்கும். சூரியகாந்தி, சாமந்தி ஆகியவற்றின் குடும்பம்தான். எதிரெதிராக அமைந்த, காம்பில்லாத நீண்ட இலைகளைத் தடவினால் படிந்த வெண்மயிர்களால் சொரசொரக்கும். தண்டில் சற்றே செம்மை ஓடும். பூத்தலை சட்டைப் பொத்தானைவிடச் சிறியது, ஒரு சென்டிமீட்டர்கூட வராது. ஓரத்தில் நூல் போன்ற வெள்ளை இதழ்கள் நெருக்கமாக இருக்கும். தண்டை ஒடித்து ஒரு வெள்ளைத் துணியில் தேய்த்து வையுங்கள். பச்சையாகப் பட்ட கறை, காற்றுப் பட்டுச் சில நிமிடங்களில் கருமையாக மாறினால் ஐயம் வேண்டாம். அக்காலத்தில் பச்சை குத்துவதற்கும் முடிக்குச் சாயமேற்றுவதற்கும் இந்தச் சாற்றைப் பயன்படுத்தியது இந்தக் குணத்தால்தான்.

பொற்றலைக் கையாந்தகரை என்று மருத்துவ நூல்கள் கூறும் மஞ்சள் கரிசலாங்கண்ணி வேறு பேரினம். நெடுங்காலம் வெடிலியா காலண்டுலேசியா, வெடிலியா சைனென்சிஸ் என்று வழங்கி, இப்போது ஸ்பாக்னெட்டிகோலா என்ற பேரினத்தில் வைக்கப்பட்டிருக்கிறது. அதன் இலை குறுகியது, சொரசொரப்பானது. விளிம்பில் ஓரிரு பற்கள் இருக்கலாமே ஒழிய மடல்கள் பிரிவதில்லை. தங்களிடம் உள்ளது ஸ்பாக்னெட்டிகோலா டிரைலோபேட்டா. வெப்பமண்டல அமெரிக்காவிலிருந்து அழகுக்காகக் கொண்டுவரப்பட்ட தரைபடர் கொடி. விடுதிகளின் முகப்பிலும் சாலை நடுத்திட்டுகளிலும் விரித்திருப்பது இதைத்தான். பளபளப்பும் மும்மடலும் சேர்ந்து தெரிந்தால் அதற்குமேல் ஆராய வேண்டியதில்லை. பேரினம் ஒன்று என்பதாலும் பூ மஞ்சள் என்பதாலும் விற்பவர்கள் பெயரை மாற்றிவிடுகிறார்கள். பெரும்பாலும் அவர்களுக்கே தெரியாது என்பது என் எண்ணம்.

வேலைக்கு வரும் அம்மா கொணர்ந்தது, தாங்கள் எழுதியிருப்பதை வைத்துப் பார்த்தால் டிரைடாக்ஸ், அதாவது வெட்டுக்காயப் பூண்டு. ஒரு சாண் நீளமுள்ள வெறுங்காம்பின் நுனியில் ஒற்றைப் பூ, நடுவே மஞ்சள், ஓரத்தில் நுனி பிளந்த சில வெளிறிய இதழ்கள், ஆழமான பற்களுடைய இலை ஆகியவை அதன் அடையாளங்கள். முற்றிய விதையை ஊதிப் பாருங்கள். பஞ்சுக்குச்சம் விரித்துப் பறந்தால் அது வெட்டுக்காயப் பூண்டு. எக்லிப்டாவின் விதைக்கு அந்தக் குச்சம் கிடையாது, கறுத்து அங்கேயே உதிரும். நம் செட்டிநாட்டுச் செம்புராங்கல் நிலத்தில் சித்திரை வெயிலிலும் காயாமல் நிற்பது வெட்டுக்காயப் பூண்டுதான்; கையாந்தகரைக்கு ஈரம் ஓயாமல் வேண்டும். வறண்ட மாதத்தில், வறண்ட இடத்தில் பறித்த செடியைக் கரிசலாங்கண்ணி என்று யார் தந்தாலும் ஒருமுறை ஐயப்படுவது நல்லது.

வெள்ளையும் மஞ்சளும் தாவரவியலில் வெவ்வேறானாலும், சித்த மருத்துவம் இரண்டையும் ஒரே பெயரின்கீழ் வைத்ததற்கு வேதியியலில் ஒரு சான்று உண்டு. சென்னை மாநிலக் கல்லூரியில் பேராசிரியர் டி. ஆர். கோவிந்தாச்சாரியும் அவருடைய குழுவினரும் மஞ்சள் கரிசலாங்கண்ணியிலிருந்து வெடிலோலாக்டோன் என்ற பொருளைப் பிரித்து, 1956இல் அதன் அமைப்பை வெளியிட்டார்கள். அதே பொருள் வெள்ளைச் செடியிலும் இருப்பது தெரியவந்தது. வெறும் பூவின் நிறத்தைப் பார்த்துச் சேர்த்ததாக இருந்தால் இந்த ஒற்றுமை வந்திருக்காது.

பதில்: சித்த மருத்துவர், காரைக்குடி

மேலே ஐயா அவர்கள் தந்த விளக்கத்தில் அடையாளம் குறித்து நான் சேர்க்க ஒன்றுமில்லை. மருத்துவப் பக்கம் மட்டும் எழுதுகிறேன்.

காமாலை கண்ட உறவினருக்கு முதலில் இரத்தப் பரிசோதனை செய்யுங்கள். கண் மஞ்சளாவது ஓர் அறிகுறி; அதன் பின்னால் தண்ணீர் வழியே வரும் ஏ, ஈ வகைக் கல்லீரல் அழற்சி இருக்கலாம், இரத்தத்தின் வழியே வரும் பி, சி வகைகள் இருக்கலாம், பித்தநாளத்தைக் கல் அடைத்திருக்கலாம், சிவப்பணுக்கள் அளவுக்கு மீறிச் சிதைந்துகொண்டிருக்கலாம். கல்லால் வந்த அடைப்பைப் பச்சிலை நீக்காது. கொடுத்துக்கொண்டிருக்கும் நாட்களில் நோய் முற்றும். ஏ வகை பெரும்பாலோருக்குச் சில வாரங்களில் தானாகவே தணிவது. 'மூன்று வேளை அரைத்துக் குடித்தேன், காமாலை போயிற்று' என்று ஊருக்கு ஊர் சொல்லப்படுவதில் ஒரு பங்கு அந்த நோயின் இயல்புக்குச் சேர வேண்டியது என்பதை, இந்த மருத்துவத்தைத் தொழிலாகக் கொண்ட நானே சொல்ல வேண்டியிருக்கிறது. எக்லிப்டாச் சாறு கல்லீரலைக் காப்பதாக எலிகளில் செய்த ஆய்வுகள் பல உண்டு, அவற்றை மதிக்கிறேன். எலியில் கண்டதை வைத்து நோயாளியின் பரிசோதனையைத் தள்ளிப்போட முடியாது.

பாம்புக்கடிக்கு இதை அரைத்துக் கொடுப்பவர்களும் நம் பக்கத்தில் இருக்கிறார்கள். பிரேசில் ஆய்வாளர்கள் 1989இல், இந்தச் செடியின் சாரம் அந்நாட்டுப் பாம்பு ஒன்றின் நஞ்சை ஆய்வகத்தில் முறிப்பதைக் காட்டியது உண்மை. கடிபட்டவருக்கு மருத்துவமனையில் போடும் நஞ்சுமுறி ஊசிக்கு அது ஈடாகாது.

தோட்டத்தில் படர்ந்திருக்கும் அழகுக்கொடியைக் கீரையாகவோ மருந்தாகவோ உட்கொள்ள வேண்டாம். சித்த மருத்துவத்தில் அதற்கு இடமில்லை. வெள்ளைக் கரிசலாங்கண்ணி சாக்கடை ஓரத்திலும் செழித்து வளரும், சொல்லப்போனால் அங்கேதான் மிகக் கொழுத்திருக்கும். அதைப் பறித்துப் பச்சையாக அரைத்துக் குடித்தால் காமாலைக்கு மருந்து தேடிப்போய்க் காமாலையையே வாங்கி வந்ததாகிவிடும்.

பதில்: பள்ளத்தூர் ஆச்சி

வள்ளலார் நாள்தோறும் கொள்ளச் சொன்ன மூலிகைகளில் முதலாவது கரிசலாங்கண்ணி. தூதுவளையும் முசுமுசுக்கையும் அதற்குப் பிறகு. ஆகவே இதைக் கீரையாகச் சாப்பிடுவது புதிய பழக்கம் இல்லை. உண்மையான மஞ்சள் செடி கிடைத்தால் சமையலுக்கு அதுவே சுவை. வெள்ளையில் இளங்கசப்பு இருப்பதால், கொழுந்து இலைகளை மட்டும் ஆய்ந்து, அரிசி கழுவிய மண்டியில் சின்ன வெங்காயத்தோடு வேகவைத்துத் தேங்காய்ப்பால் ஊற்றி இறக்கினால் கசப்பு தெரியாது. முற்றிய இலையின் சுணை நாக்கில் உறுத்தும்.

எண்ணெய்க்கு நான் சாறும் நல்லெண்ணெயும் சம அளவு சேர்ப்பது வழக்கம். அடுப்பைத் தணித்தே வைக்க வேண்டும். சலசலப்பு அடங்கியதும் அடியில் தங்கும் கசண்டை எடுத்து விரலிடையில் உருட்டிப் பாருங்கள். மெழுகாகத் திரண்டு, திரியில் தோய்த்துக் கொளுத்தும்போது படபடவென்று வெடிக்காமல் எரிந்தால் பதம் வந்துவிட்டது என்று பொருள். நீர் மிஞ்சிய எண்ணெய் சில வாரங்களிலேயே சிக்கு வாடை அடிக்கும்.

கண்மைக்கு, வெளுத்த பருத்தித் துணியைச் சாற்றில் நனைத்து நிழலில் உலர்த்தி, மறுபடி நனைத்து உலர்த்தி, திரியாகத் திரித்து விளக்கெண்ணெய் அகலில் ஏற்றுவோம். மேலே தாம்பாளத்தைக் கவிழ்த்துப் புகையைப் பிடித்து, படிந்த கரியை வழித்து, ஒரு சொட்டு விளக்கெண்ணெய் விட்டுக் குழைப்போம். ஆனால் ஆச்சி, குழந்தைக்கு நெற்றியிலும் கன்னத்திலும் பொட்டாக வைப்பதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். கண்ணுக்குள் தீட்ட வேண்டாம் என்றுதான் இப்போது குழந்தை மருத்துவர்கள் அனைவரும் சொல்கிறார்கள். எங்கள் வீட்டிலும் அந்தப் பழக்கத்தை விட்டுவிட்டோம்.

கேள்வியாளர்: பின்கட்டுத் தோட்டம், தேவகோட்டை

அனைவருக்கும் நன்றி. துணியில் தேய்த்துப் பார்த்தோம். கொடியின் கறை மறுநாளும் பச்சையாகவே இருந்தது. உறவினரை மருத்துவமனைக்கு அழைத்துச் செல்ல ஏற்பாடு செய்திருக்கிறோம். இந்தக் கொடியை அகற்றிவிட்டு அதே இடத்தில் வெள்ளைக் கையாந்தகரையை வளர்க்க விரும்புகிறேன். வழி என்ன? பிடுங்கியதை ஊருணிக் கரைப் பள்ளத்தில் கொட்டிவிடலாமா?

பதில்: கண்மாய்க்கரை, கானாடுகாத்தான்

தயவுசெய்து ஊருணிப் பக்கம் கொண்டுபோக வேண்டாம். தரையைத் தொடும் கணுவிலெல்லாம் வேர்விடும் கொடி இது. விரலளவு துண்டு ஈரத்தில் விழுந்தாலும் தழைத்துவிடும். உலகின் மிகத் தீங்கான நூறு அயல் ஊடுருவி உயிரினங்கள் என்று பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்புச் சங்கம் வெளியிட்ட பட்டியலில் இதற்கும் ஓர் இடம் உண்டு. வேரோடு பிடுங்கி, மொட்டைமாடியின் சிமென்டுத் தரையில் பரப்பி, ஒடித்தால் நொறுங்கும்வரை வெயிலில் காயவைத்த பிறகே அப்புறப்படுத்துங்கள். விடுபட்ட கணுக்கள் அடுத்த மழையில் தலைகாட்டும். அப்போதும் ஒருமுறை களையெடுக்க வேண்டியிருக்கும்.

வெள்ளைக்கு, மழை நின்று கண்மாய்த் தண்ணீர் வடியத் தொடங்கும் தை, மாசி மாதங்களில் கரையோரச் சேற்றில் பாருங்கள். பொன்னாங்கண்ணிக்கும் நீர்முள்ளிக்கும் இடையிலேயே நிற்கும். ஊர்ச் சாக்கடை கலக்காத கண்மாயாகத் தேர்ந்தெடுத்து, கறுத்து முற்றிய தலைகளை மட்டும் கிள்ளி வந்து, விரலால் தேய்த்து உதிர்த்துக்கொள்ளுங்கள். முளைப்பதற்கு வெளிச்சம் தேவைப்படும் விதை என்பதால் மண்ணைப் போட்டு மூடக் கூடாது. சேறாக்கிய பாத்தியின் மேல் தூவி, பூவாளியால் மெல்லத் தெளித்து, ஈரம் காயாமல் பார்த்துக்கொண்டால் போதும்.