மருந்து கொடுத்ததும் தடிப்பு: எங்கள் வீட்டில் பார்த்த இரண்டு விதம்

மகள் கைக்குழந்தையாக இருந்தபோது காதில் தொற்று என்று அமாக்சிசிலின் (பெனிசிலின் வகை ஆன்டிபயாடிக்) சிரப் கொடுத்தார்கள். மருந்து முடியப்போகிற சமயம், குளிப்பாட்டச் சட்டையைக் கழற்றினால் வயிறு, முதுகு எல்லாம் புள்ளி புள்ளியாக இருந்தது. தடவினால் கையில் தட்டுப்படவே இல்லை, அவளும் தண்ணீரை அடித்துச் சிரித்துக்கொண்டிருந்தாள். சில நாள் கழித்து இப்படி வருவது இந்த மருந்தில் உண்டு, உடம்பிலிருக்கும் வைரஸாலும் வரலாம், இதை வைத்து மட்டும் அலர்ஜி என்று எழுதிவிட முடியாது என்றார் டாக்டர்.

அக்கா மகனுக்கு நடந்தது வேறு. வேறொரு ஆன்டிபயாடிக் உள்ளே போன கொஞ்ச நேரத்திலேயே காதுமடல் சிவந்து, கொசு கடித்த மாதிரி தடித்தது. ஓரிடத்தில் அமுங்கினால் இன்னோரிடத்தில் கிளம்பும். அரிக்கிறது என்று சொல்லத் தெரியாத வயசு, முகத்தை அக்கா தோளில் தேய்த்துத் தேய்த்து அழுதான், அப்புறம் அடுத்தடுத்து வாந்தி, அழுகைக் குரலே கம்மிப்போய் பிள்ளை துவண்டுவிட்டான். அக்கா உடனே ஆம்புலன்ஸைக் கூப்பிட்டாள். கடும் அலர்ஜி என்று தொடையில் அதற்கான அட்ரினலின் ஊசி போட்டார்கள். தெளிந்த பிறகும் திரும்ப வரலாம் என்று சில மணி நேரம் வைத்திருந்தே அனுப்பினார்கள்.

அதனால் சொல்கிறேன், உதடோ நாக்கோ வீங்குவது, மூச்சில் சத்தம், விடாத வாந்தி, துவண்டுபோவது, இதில் எது வந்தாலும் வீட்டிலிருக்கும் அலர்ஜி சிரப்பைக் கொடுத்துவிட்டுக் காத்திருக்காதீர்கள். அது அரிப்பைத்தான் குறைக்கும். பிள்ளையை நிமிர்த்தித் தோளில் போடாமல் படுத்தவாக்கில் வைத்துக்கொள்ளுங்கள், வாந்தி எடுத்தால் ஒருக்களித்து. தோல் கொப்புளித்தாலோ வாய், கண் புண்ணானாலோ அதுவும் அவசரம்தான். மாநிறப் பிள்ளைகளுக்குச் சிவப்பு சரியாகத் தெரியாது, தடிப்பு இருக்கிறதா என்று விரலால் தடவிப் பாருங்கள். சும்மா வயிற்றுப்போக்கு மட்டும் என்றால் பெரும்பாலும் மருந்தின் பக்கவிளைவுதான், ஆனாலும் டாக்டரிடம் ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள்.

எது வந்தாலும் அடுத்த டோஸுக்கு முன் கேட்டுவிட வேண்டும். டாக்டர் பார்ப்பதற்குள் தடிப்பு மறைந்துவிடலாம் என்பதால் போட்டோ எடுங்கள், கடைசி டோஸ் கொடுத்த நேரத்தை எழுதுங்கள், பாட்டிலைக் கையோடு கொண்டுபோங்கள். பிராண்ட் மாறினாலும் உள்ளே அதே மருந்து இருக்கும், அதனால் குறித்துவைக்க வேண்டியது மருந்தின் பெயரைத்தான்.

இன்னொன்று, பெனிசிலின் அலர்ஜி என்று எழுதப்பட்டவர்களைச் சோதித்தால் 10 பேரில் 9 பேருக்கு அது இருப்பதில்லை. பிள்ளை கொஞ்சம் வளர்ந்ததும் அலர்ஜி நிபுணரிடம் காட்டிக் கேட்டுக்கொள்ளுங்கள், நீங்களாக வீட்டில் மறுபடி கொடுத்துப் பார்க்க வேண்டாம்.