கோர்லா பண்டிட்டின் நேரலை நிகழ்ச்சிப் பதிவுகள்: உதவி தேவை

குழுவினர் அனைவருக்கும் வணக்கம்.

1949-இல் லாஸ் ஏஞ்சலஸின் கேடிஎல்ஏ தொலைக்காட்சியில், கல் பதித்த தலைப்பாகையுடன் தோன்றி, ஒரு வார்த்தையும் பேசாமல் கேமராவையே உற்றுப் பார்த்தபடி ஹேமண்ட் ஆர்கன் என்னும் மின்னிசைக் கருவியையும் பியானோவையும் ஒருசேர வாசித்த கோர்லா பண்டிட்டைப் பற்றி ஒரு கட்டுரை எழுதி வருகிறேன். தாம் புதுதில்லியில் பிறந்தவர் என்றே அவர் கூறிவந்தார். ஆனால் அவர் மிசௌரி மாநிலத்தின் செயின்ட் லூயிஸில் 1921-இல் பிறந்த ஜான் ரோலண்ட் ரெட் என்னும் கறுப்பின அமெரிக்கர் என்பது, 1998-இல் அவர் மறைந்து மூன்றாண்டுகள் கழிந்த பின்னரே ஒரு பத்திரிகைக் கட்டுரையின் வழியாகப் பரவலாகத் தெரியவந்தது. கறுப்பினக் கலைஞருக்குத் தனி நிகழ்ச்சி கிடைப்பதே அரிதாக இருந்த அக்காலத்தில், இதை வெறும் ஏமாற்று என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை. (நம் ஊர் ரசிகர்கள் அந்த இசையைக் கேட்டிருந்தால் இந்தியத் தொடர்பை உடனே சந்தேகித்திருப்பார்கள் என்பது வேறு விஷயம்.)

தொலைக்காட்சிக்கென இசைக் குறும்படங்கள் தயாரித்த ஸ்னேடர் நிறுவனத்துக்காக அவர் நடித்த படங்கள் இணையத்தில் கிடைக்கின்றன. எனக்குத் தேவைப்படுபவை கேடிஎல்ஏ நேரலைகளே. 1956-க்கு முன் ஒளிநாடா (வீடியோ டேப்) புழக்கத்தில் இல்லாததால், திரையில் ஓடும் நிகழ்ச்சியைப் படச்சுருளில் பிடித்த கினெஸ்கோப் பிரதிகளைத்தான் தேட வேண்டியிருக்கிறது. கலிஃபோர்னியாவின் பல்கலைக்கழகங்களில் பயிலும் அன்பர்கள் தங்கள் நூலக ஆவணப் பட்டியல்களில் இவர் பெயரைத் தேடி, பார்வையிட அனுமதி பெறும் முறையையும் தெரிவித்தால் பேருதவியாக இருக்கும்.