'ஏக்கி பிரேக்கி ஹார்ட்': ஓடியது பாட்டா, ஆட்டமா?

பழைய தட்டு: 1992-ல் பில்லி ரே சைரஸ் பாடிய 'ஏக்கி பிரேக்கி ஹார்ட்' கன்ட்ரி இசையை (அமெரிக்கக் கிராமியப் பாணி) உலகத்துக்கே கொண்டுபோனது என்று இன்னொரு இழையில் ஒருவர் எழுதியிருந்தார். எனக்கு உடன்பாடில்லை. முழுப் பாட்டுக்கும் ஏ, ஈ என்று இரண்டே கார்டு (chord, சேர்ந்து ஒலிக்கும் சுரக்கொத்து). விற்றது ஆட்டம்தான். நடன அமைப்பாளர் மெலனி கிரீன்வுட்டை வைத்து ஒரு லைன் டான்ஸ் (வரிசை ஆட்டம்) அமைத்து, அந்த ஸ்டெப்பை முதலில் கிளப்புகளில் பரப்பியது சைரஸின் இசைத்தட்டு கம்பெனி மெர்க்குரி. டான் வான் ட்ரெஸ் எழுதிய இதே பாட்டை 1991-ல் மார்சி பிரதர்ஸ் வேறு தலைப்பில் பாடியிருந்தார்கள். யார் கவனித்தார்கள்?

மாண்டலின் மணி: இரண்டு கார்டு எப்போதிலிருந்து குற்றமானது? கன்ட்ரி ஜாம்பவான் ஹாங்க் வில்லியம்ஸின் 'ஜம்பாலயா'வும் இரண்டு கார்டுதான். அவர் பெயரைச் சொன்னால் மட்டும் எல்லோரும் எழுந்து நிற்கிறீர்கள். மார்சி பிரதர்ஸ் விஷயமும் எனக்குத்தான் சாதகம். அதே பாட்டு, ஆனால் சைரஸின் குரல் இல்லை. அதனால் ஓடவில்லை.

பழைய தட்டு: குரலா? அந்த வீடியோவில் குரலை யார் கேட்டார்கள்? கென்டக்கியில் ஆஷ்லண்ட் ஊர் தியேட்டர், முன்னால் கத்தரித்துப் பின்னால் தோள்வரை வளர்த்த முடி, கையில்லாத சட்டை, கூச்சலிடும் பெண்கள். கன்ட்ரி பாடகர் டிராவிஸ் ட்ரிட் அப்போதே சொன்னார், கன்ட்ரி இசை இடுப்பாட்டும் போட்டியாகிவிட்டது என்று. (அவர் சொன்ன வார்த்தை இதைவிடக் கொச்சை.)

மாண்டலின் மணி: அதற்குக் கிடைத்த பதிலை விட்டுவிட்டீர்களே. 1993 ஜனவரியில் அமெரிக்கன் மியூசிக் அவார்ட்ஸ் மேடையில், பாட்டைப் பிடிக்காதவர்களுக்கு என்று சொல்லி, ட்ரிட்டின் சொந்த ஹிட் பாட்டுத் தலைப்பையே சைரஸ் திருப்பிப் போட்டார்: இந்தா காசு, அக்கறை இருக்கிறவனுக்குப் போன் பண்ணு! அது போக, 1992-க்கான சிறந்த சிங்கிள் விருதைக் கொடுத்தது யார்? கன்ட்ரி மியூசிக் அசோசியேஷன். கன்ட்ரி இசையின் தலைநகரான நாஷ்வில்லின் பெரிசுகளேதான்.

ஆடாத கால்: நடுவில் வருவதற்கு மன்னிக்கவும். இருவருமே ஆட்டத்தைச் சும்மா விளம்பரத் தந்திரமாகப் பார்க்கிறீர்கள். லைன் டான்ஸில் ஜோடி தேவையில்லை. வரிசையில் நின்று, கட்டைவிரலை பெல்ட்டில் செருகி, பக்கவாட்டில் நடந்து, இடுப்பை அசைத்து, 90 டிகிரி திரும்பினால் அடுத்த சுவரைப் பார்த்து நிற்பீர்கள். ஒரு திருப்பத்தைத் தவறவிட்டால் பக்கத்து ஆளோடு நேருக்கு நேர் முட்டி நிற்பீர்கள். அதுவும் ஒரு கலகலப்பு. கூச்சக்காரன்கூடத் துணை தேடாமல் தளத்தில் இறங்கலாம். தாளம் சீராக, கணிக்க எளிதாக இருந்தால்தான் இது நடக்கும். இரண்டு கார்டு எதற்கு என்று இப்போது புரிகிறதா?

பழைய தட்டு: அப்படியானால் அது உடற்பயிற்சிக்கான இசை, அவ்வளவுதான். 2004-ல் பிளெண்டர் பத்திரிகை படுமோசமான பாட்டுகள் பட்டியலில் இரண்டாம் இடம் கொடுத்ததே. கன்ட்ரிக்குக் கதவைத் திறந்தவரும் இவர் இல்லை. 1991-லேயே கன்ட்ரி பாடகர் கார்த் புரூக்ஸின் ஆல்பம் பில்போர்டு 200-ல் (அமெரிக்க ஆல்பம் தரவரிசை) நேராக முதலிடத்தில் இறங்கியாயிற்று.

மாண்டலின் மணி: பத்திரிகைக்காரன் பட்டியலா அளவுகோல்? இந்தப் பாட்டு வந்த 'சம் கேவ் ஆல்' ஆல்பம் அதே பட்டியலில் தொடர்ந்து 17 வாரம் முதலிடம். மூன்று நிமிஷ ஸ்டெப்புக்காக மட்டும் யாரும் முழு ஆல்பம் வாங்க மாட்டார்கள். தலைப்புப் பாட்டு வியட்நாம் போர்வீரரைப் பற்றியது, அதற்கு எப்படி இடுப்பை ஆட்டுவது? 'ஏக்கி பிரேக்கி ஹார்ட்' பாட்டோ ஆஸ்திரேலியாவில் முதலிடம், பிரிட்டனில் மூன்றாம் இடம்.

பழைய தட்டு: அதன் பிறகு அவர் தனியாகப் பாடிய எதுவும் கன்ட்ரி பட்டியலில் முதலிடம் வரவில்லையே.

மாண்டலின் மணி: 'தனியாக' என்று ஏன் சேர்த்தீர்கள் என்று தெரிகிறது. 2019-ல் ராப் பாடகர் லில் நாஸ் எக்ஸோடு 'ஓல்ட் டவுன் ரோடு' ரீமிக்ஸ். பில்போர்டின் பாட்டுப் பட்டியலான ஹாட் 100-ல் மொத்தம் 19 வாரம் முதலிடம்.

பழைய தட்டு: அந்தப் பாட்டைக் கன்ட்ரி பட்டியலிலிருந்தே பில்போர்டு தூக்கியது. சைரஸ் சேர்ந்த பிறகும் திரும்பச் சேர்க்கவில்லை. அதையும் எழுதுங்கள் மணி.

ஆடாத கால்: சரி, அதற்குத் தனி இழை போடுங்கள். அங்கே சண்டை இன்னும் பெரிது.