புதுப்பிப்பு: கடலுக்குப் போன அப்பா, பேசாத மகன்

61 நாள் மீன்பிடித் தடைக்காலம் ஜூன் 14-ல் முடிஞ்சு, வீட்டுக்காரர் பாம்பன்லேருந்து விசைப்படகுல போனதும் எங்க நாலு வயசு மகன் அழுதானே தவிர வாயே திறக்கலைன்னு முன்னாடி இங்க எழுதியிருந்தேன். "ஏன் அழுற?"ன்னு கேக்குறதை நிறுத்தச் சொன்னீங்க. நிறுத்திட்டேன்.

பழைய காலுறையில ஒரு நண்டு தைச்சேன், கண்ணுக்கு ரெண்டு சட்டைப் பொத்தான். அப்பா நண்டு கடலுக்குப் போயிருச்சு, குட்டி நண்டு வளைக்குள்ளயே உக்காந்திருக்குன்னு கதை. மூணு நாள் சும்மா கேட்டான். நாலாம் நாள், "நண்டுக்குப் பயம். காத்தடிச்சா படகு கவுந்துரும்"னான். "பயப்படாதே"ன்னு வாய் வரைக்கும் வந்துச்சு. முழுங்கிட்டு, "ஆமாப்பா, நண்டுக்குப் பயமாத்தான் இருக்கும்"னேன். அப்புறம் அரைமணி நேரம் நண்டு பேச்சுதான்.

அவனோட கோபம் மட்டும் இன்னும் அடியாத்தான் வருது, பேச்சா வரலை.

"பொம்மைகிட்ட பேசுறான், மந்திரிக்கணும்"னாங்க மாமியார். நேத்து அவங்களே நண்டுக்குச் சோறு ஊட்டிக்கிட்டிருந்தாங்க.